பூதப் படங்களின் இசைப்புலவர் இஃபுகுபே அகிரா

கலைகளுக்குள் மேல் கீழ் கற்பிப்பது கற்றவரிடையே நெடுங்காலமாக இருந்துவரும் வழக்கம். காவியம் உயர்ந்தது, கூத்துப் பாட்டுத் தாழ்ந்தது. அரங்கிசை உயர்ந்தது, திரையிசை தாழ்ந்தது என்பர். திரையிசைக்குள்ளும் மீண்டும் ஒரு பிரிவினை செய்வர். குடும்பக் கதைக்கும் வரலாற்றுக் கதைக்கும் இசை அமைப்பவரைக் கலைஞர் என்று போற்றுவோர், வாட்போர்ப் படத்துக்கும் பூதப் படத்துக்கும் இசை அமைப்பவரைக் கூலிக்கு உழைப்பவர் என்று ஒதுக்கிவிடுவர். இப்பிரிவினை அறிவுக்குப் பொருந்துமா என்பதை ஆராய ஒரு மனிதரின் வாழ்நாட் பணியே போதிய சான்றாகும். அவர் ஜப்பானிய இசையமைப்பாளர் இஃபுகுபே அகிரா. ஜப்பானிய முறைப்படி இஃபுகுபே என்பது குடும்பப் பெயர். அகிரா என்பது இட்ட பெயர்.

1914இல் பிறந்து 2006இல் மறைந்த இப்பெரியார், 250க்கும் மேற்பட்ட திரைப்படங்களுக்கு இசை அமைத்தவர். அவற்றுள் உலகம் நன்கறிந்தது, ஆங்கில வழக்கில் ‘காட்சில்லா’ என வழங்கும் ‘கோஜிரா’ என்னும் படம். கடலிலிருந்து எழுந்து நகரை நசுக்கும் அரக்க விலங்கின் கதை அது. இத்தகைய கதைக்கு ஆரவாரம் போதும், இசை எதற்கு என்று கேட்போர் அன்றும் இருந்தனர். இஃபுகுபேயோ படத்தின் மதிப்பைப் பார்த்துத் தம் இசையின் மதிப்பைக் குறைத்துக்கொள்ளவில்லை. அரங்கிற்கு எழுதிய அதே கையால், அதே கருத்தோடு, பூதத்திற்கும் எழுதினார். அவருடைய பெருமைக்கு அதுவே காரணம். அவரிடம் காணப்படும் குறையும் அங்கிருந்தே தோன்றியது. இவ்விரண்டையும் சேர்த்து நோக்கினாலன்றி அவரைச் சரியாக மதிப்பிட இயலாது.

மண் தந்த இசை

இஃபுகுபே, ஜப்பானின் வடகோடித் தீவாகிய ஹொக்கைடோவில், குஷிரோ என்னும் துறைமுக நகரில் பிறந்தார். அவர் சிறுவராயிருந்தபோது தந்தையார் ஒத்தோஃபுகே என்னும் சிற்றூரின் தலைவராக அமர்த்தப்பட்டமையால் குடும்பம் அவ்வூருக்குக் குடிபெயர்ந்தது. அவ்வூரில் ஐனு மக்கள் வாழ்ந்தனர். ஹொக்கைடோவின் தொல்குடியினராகிய அம்மக்களின் பாட்டும் ஆட்டமும் சிறுவர் அகிராவின் செவியிலும் நெஞ்சிலும் பதிந்தன. உள்ளத்தில் எழுந்ததை எழுந்தபடியே பாடும் அவர்களது வழக்கமும், ஒரே அடியைத் திரும்பத் திரும்பப் பாடி உணர்ச்சியை உயர்த்தும் முறையும், பின்னாளில் அவருடைய கலையின் இரு தூண்களாயின.

அவர் இசைக் கல்லூரி எதிலும் பயின்றவர் அல்லர். வயலின் வாசிக்கத் தாமே கற்றுக்கொண்டார். இசை எழுதும் முறையையும் நூல்களிலிருந்து தாமே கற்றார். மாணவப் பருவத்தில் ருசிய இசைமேதை ஸ்டிராவின்ஸ்கியின் ‘வசந்தச் சடங்கு’ என்னும் படைப்பைக் கேட்டபோது அவருக்குப் பெருந்துணிவு பிறந்தது. மேனாட்டு இலக்கண வரம்புகளைத் தாண்டி, மண்ணின் பழைமையிலிருந்து எழும் இவ்வோசையும் இசையேயானால், ஹொக்கைடோவில் கேட்டவற்றைக் கொண்டு தாமும் எழுதலாம் என்று அவர் எண்ணினார். ஹொக்கைடோப் பேரரசுப் பல்கலைக்கழகத்தில் அவர் பயின்ற பாடமோ காட்டியல். மரங்களைக் கற்றுக்கொண்டே இசையை எழுதியவர் அவர்.

அக்காலத்தில் சப்போரோ நகரில் அவருக்கு வாய்த்த நண்பருள் ஒருவர் ஹயாசகா ஃபுமியோ. பிற்காலத்தில் இயக்குநர் குரோசாவாவின் ‘ராஷோமோன்’, ‘ஏழு சாமுராய்கள்’ ஆகிய படங்களுக்கு இசை அமைத்துப் புகழ்பெற்றவர் இவரே. இவ்விரு இளைஞரும் வேறு சில நண்பரும் சேர்ந்து 1934இல் புத்திசைக்கென ஒரு சங்கம் அமைத்து, மேனாட்டுப் புதிய படைப்புகளைத் தம் ஊரிலேயே அரங்கேற்றினர்.

1935ஆம் ஆண்டு இஃபுகுபேயின் வாழ்வில் திருப்பம் நேர்ந்தது. ருசிய இசையமைப்பாளர் அலெக்சாண்டர் செரெப்னின், ஜப்பானிய இளைஞர்களுக்கென ஓர் இசைப் போட்டியை ஏற்படுத்தினார். முடிவு செய்வோர் பாரிசில் இருந்தனர். ரூசெல், இபெர் முதலிய பிரெஞ்சு இசைவாணர் அவர்களுள் அடங்குவர். இஃபுகுபே அனுப்பிய ‘ஜப்பானியக் கதம்ப இசை’ முதற்பரிசு பெற்றது. அப்போது அவருக்கு வயது 21. அவருடைய தொழிலோ ஹொக்கைடோவின் அக்கெஷி என்னும் இடத்தில் காட்டு அதிகாரி வேலை. மறுஆண்டில் அப்படைப்பு அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் அரங்கேறியது. அதே ஆண்டில் செரெப்னின் ஜப்பானுக்கு வந்தபோது இஃபுகுபே அவரிடம் சிறிது காலம் நேரில் பாடங் கேட்டார். ஆசிரியரிடம் அவர் பயின்ற காலம் அவ்வளவே.

இப்பரிசு உணர்த்தும் பாடம் ஒன்று உண்டு. அக்காலத்து ஜப்பானில் மேனாட்டிசை பயின்றோர் பலர் ஜெர்மானியரைப் போல எழுதுவதையே கல்வியின் முடிவாகக் கருதினர். ஆனால் பாரிசு அறிஞர் பாராட்டியது, வடகோடிக் காட்டிலிருந்து வந்த, ஜெர்மானியச் சாயல் அற்ற படைப்பைத்தான். தன் ஊருக்கு உண்மையாக இருக்கும் கலையே உலகுக்கும் உரியதாகும் என்னும் கொள்கையை இஃபுகுபே இறுதிவரை கைவிடவில்லை.

போர்க்காலம்

போர் மூண்டது. காட்டியல் கற்றவரை அரசு மர ஆராய்ச்சியில் ஈடுபடுத்தியது. மரத்தை வலுப்படுத்தி விமானத்துக்குப் பயன்படுத்துவது பற்றிய அவ்வாராய்ச்சியில் எக்ஸ் கதிர்கள் கையாளப்பட்டன. தக்க காப்பு இன்றி அக்கதிர்களுக்கு ஆளான இஃபுகுபே, 1945இல் போர் முடிந்த காலத்தில் நோயுற்று வீழ்ந்தார். அதற்கு முன்னரே, 1942இல், அவருடைய தமையனார் இசாவோ காலமாகியிருந்தார். தமையனாரின் நினைவுக்கு உரிமையாக்கி 1943இல் அவர் எழுதிய ‘பல்லிசைக் கதைப்பாட்டு’ என்னும் படைப்பு, துயரத்தைக் கதறலாகக் காட்டாமல் ஆடலாகவும் தாலாட்டாகவும் மாற்றிய அரியதொன்று.

அதே 1943ஆம் ஆண்டில் ஜப்பானியக் கடற்படைக்காக அவர் ஒரு நடையிசையும் எழுதினார். இச்செய்தியை மறைத்து அவர் புகழ் பாடுவது திறனாய்வு ஆகாது. அந்த நடையிசை பிற்காலப் படங்களில் மீண்டும் தலைகாட்டியது. அதனைப் பின்னர் ஆராயலாம்.

நோயின் காரணமாகக் காட்டுத் தொழிலை விட்ட இஃபுகுபே, 1946இல் டோக்கியோ இசைப்பள்ளியில் ஆசிரியரானார். கல்லூரியில் பயிலாதவர் கல்லூரியில் கற்பிக்க வந்தார். அகுதாகவா யசுஷி, மயூசுமி தொஷிரோ போன்ற புகழ்மிக்க இசையமைப்பாளர்கள் அவரிடம் பயின்றவர்கள். பல கருவிகளைச் சேர்த்து எழுதும் முறைபற்றி அவர் இயற்றிய பெருநூலின் முதற்பகுதி 1953இல் வெளிவந்தது. ஜப்பானிய மாணவர்க்கு அது நெடுங்காலம் அடிப்படை நூலாக விளங்கியது.

வடபுல மக்களை அவர் மறக்கவும் இல்லை. கிலியாக் மக்களின் பழம்பாடல் மரபைத் தழுவி 1946இலும், சகாலின் தீவுத் தொல்குடிகளின் தாலாட்டுகளைத் தழுவி 1949இலும் பாடற்றொகுதிகள் எழுதினார். எண்ணிக்கையிற் சுருங்கி வந்த மக்களின் குரல் கல்லூரி அரங்குகளில் ஒலிக்க இப்பாடல்கள் வழிசெய்தன.

திரைக்குள் புகுந்த புலவர்

ஆசிரியர் வேலையின் வருவாய் போருக்குப் பிந்திய டோக்கியோவில் குடும்பம் நடத்தப் போதுமானதாயில்லை. 1947இல் ‘வெள்ளி மலைமுடியின் எல்லை’ என்னும் பொருள்படும் பெயருடைய படத்துக்கு முதன்முதலாக இசை அமைத்தார். கதை எழுதியவர் குரோசாவா, இயக்கியவர் தனிகுச்சி, மிஃபுனே தொஷிரோ நடித்த முதற்படமும் அதுவே. வங்கிக் கொள்ளையர் பனிமலைக்குத் தப்பியோடும் கதை.

அப்படத்தில் முதிய கொள்ளையனும் ஓர் இளம்பெண்ணும் பனியில் சறுக்கி மகிழும் காட்சி வருகிறது. இயக்குநர் விரும்பியது துள்ளலான மெட்டு. இஃபுகுபே எழுதி வந்ததோ ஒற்றைக் குழற்கருவியின் தனிமை ததும்பும் இசை. இருவருக்கும் கடுமையான வாதம் நிகழ்ந்தது. முடிவில் இசையமைப்பாளரின் இசையே நிலைத்தது. அவர் கருத்து யாதெனில், அக்கணத்தின் மகிழ்ச்சியைக் கண் ஏற்கெனவே காண்கிறது. அம்மனிதனுக்கு அம்மகிழ்ச்சி நிலைக்கப் போவதில்லை என்பதைச் செவிக்குச் சொல்ல வேண்டியதே இசையின் கடமை. கண் கண்டதையே செவிக்கும் கூறுவது கூறியது கூறலாகும் என்பதைத் தம் முதற்படத்திலேயே அவர் நிலைநாட்டினார்.

படத்தில் இசை செய்யும் பணி நான்கு என்று அவர் பின்னர் வகுத்துரைத்தார். காலத்தையும் இடத்தையும் அறிவித்தல் ஒன்று. காட்சியின் உணர்ச்சியை மிகுவித்தல் மற்றொன்று. துண்டு துண்டான காட்சிகளை ஒரே ஓட்டமாக இணைத்தல் மூன்றாவது. காட்சியின் அழகோ வியப்போ தானே இசையை அவாவி நிற்கும் இடத்தில் அதனை நிறைவு செய்தல் நான்காவது. இந்நான்கிலும் அடங்காத இடத்தில் இசை தேவையில்லை. ஓயாது ஒலிக்கும் திரையிசைக்குப் பழகிப்போன செவிகளுக்கு இது புதுமையாகத் தோன்றலாம். ஆனால் சொல்லின் அருமை அறிந்த புலவன் வேண்டாத சொல்லை எவ்வாறு விலக்குவானோ, அவ்வாறே மௌனத்தின் அருமை அறிந்த இசைவாணன் வேண்டாத இசையை விலக்குவான்.

1954: கோஜிரா

1954ஆம் ஆண்டு மார்ச் மாதம் முதல் நாள், பசிபிக் கடலிலுள்ள பிக்கினி தீவில் அமெரிக்கா நீரகக் குண்டைச் சோதித்தது. ‘ஐந்தாம் நற்பேற்று நாகம்’ என்ற பெயருடைய ஜப்பானிய மீன்பிடிப் படகு, அக்குண்டின் சாம்பல் மழையில் நனைந்து திரும்பியது. படகினர் நோயுற்றனர், அவருள் ஒருவர் அவ்வாண்டு செப்டம்பரில் இறந்தார். நாடே நடுங்கியது. அவ்வாண்டு நவம்பர் 3ஆம் நாள் தோஹோ நிறுவனத்தின் ‘கோஜிரா’ வெளிவந்தது. நீரகக் குண்டுச் சோதனையால் துயில் கலைந்த தொல்விலங்கு டோக்கியோவை அழிப்பதாகக் கதை. இயக்கியவர் ஹோண்டா இஷிரோ. தந்திரக் காட்சிகளை அமைத்தவர் சுபுராயா எய்ஜி.

இப்படத்துக்கு இசை அமைத்தால் பெயர் கெட்டுவிடும் என்று இஃபுகுபேக்கு அறிவுரை கூறியவர்கள் இருந்தனர். அவர் கேட்கவில்லை. ஏன் கேட்கவில்லை என்பதற்கு அவருடைய வாழ்வே விடை கூறுகிறது. கதிர்வீச்சால் உடல் நலிந்தவர் அவர். 1952இல் ஷிண்டோ கனெதோ இயக்கிய ‘அணுகுண்டின் குழந்தைகள்’, 1953இல் செகிகவா ஹிதேயோ இயக்கிய ‘ஹிரோஷிமா’ ஆகிய இரு படங்களுக்கும் இசை அமைத்தவரும் அவரே. பிறர்க்கு விளையாட்டுப் படமாகத் தோன்றியது அவருக்கு அவ்விரு படங்களின் மூன்றாம் பாகமாகத் தோன்றியதில் வியப்பில்லை. ‘ஹிரோஷிமா’ படத்தில் ஒலித்த இரங்கலிசை, அழிந்த டோக்கியோவைக் காட்டும் ‘கோஜிரா’க் காட்சியில் மீண்டும் ஒலிக்கிறது. இங்கு அவர் பழைய மெட்டை எடுத்தாண்டது சோம்பலால் அன்று. கற்பனை நகரின் புண்ணையும் உண்மை நகரின் புண்ணையும் ஒரே பாட்டால் அவர் கட்டினார். குழந்தைகள் கிடக்கும் மருத்துவமனைக் காட்சியைக் காண்போர், திரையில் உள்ளது பூதக்கதை என்பதை மறந்துபோவதற்கு அவ்விசை பெரிதும் காரணமாகும்.

விலங்கின் முழக்கத்தை உண்டாக்கவும் இசைக்கருவியே உதவியது. காட்டு விலங்குகளின் குரல்கள் எவையும் பொருந்தாத நிலையில், காண்டிராபாஸ் என்னும் மிகப்பெரிய வில்லிசைக் கருவியின் நரம்பைத் தளர்த்தி, பிசின் பூசிய தோலுறையால் தேய்த்து எழுப்பிய ஓசையை ஒலிப்பதிவு செய்து, அதன் வேகத்தை மாற்றி அம்முழக்கத்தை அமைத்தனர். இவ்வழியைக் கண்டவர் இஃபுகுபே. அக்குரல் இன்றளவும் உலகறிந்த குரலாக உள்ளது. வில்லும் நரம்பும் பிறப்பித்தது என்பதனாற்போலும், அதில் வெறிக்கும் மேலாக ஒரு வலி கேட்கிறது.

இனி, படத்தின் தலைப்பிசை. மேனாட்டுச் சுரப்பெயர்களால் கூறினால் டோ, சி, லா என்று இறங்கும் மூன்றே சுரங்கள். அவை திரும்பவும் திரும்பவும் வருகின்றன. தாளமோ நான்கும் ஐந்துமாக மாறி மாறி வந்து ஒன்பது எண்ணிக்கையில் அமைகிறது. நான்கில் கால் வைத்து நடக்க முனைவோரை ஐந்து இடறிவிடுகிறது. படைவீரர் நடைபோடும் ஒழுங்கு தோன்றியும், அவ்வொழுங்கு நிலைகொள்ளாமல் தடுமாறுகிறது. மேனாட்டு நடையிசைகளின் இரட்டைப்படைத் தாளத்தால் இவ்வுணர்ச்சியை எழுப்ப முடியாது. ஒன்பதின் நடையை அறிந்த தாளப் பயிற்சியுடையார் இதன் நுட்பத்தை எளிதில் உணர்வர்.

இத்தலைப்பிசையின் கருவும் புதியதன்று. 1948இல் வயலினுக்கும் பல்லிசைக் குழுவுக்குமாக அவர் எழுதிய அரங்கிசைப் படைப்பில் அது முன்னரே இடம்பெற்றது. அரங்கில் கைதட்டிய கனவான்கள் கேட்டதும், திரையரங்கில் பத்துக் காசுக்கு நடுங்கிய சிறுவர் கேட்டதும் ஒரே இசை! கலைக்குள் மேல் கீழ் வகுப்போர்க்கு இதனினும் தெளிவான மறுப்பு வேண்டுவதில்லை.

படத்தின் முடிவு இன்னும் சிறந்தது. செரிசாவா என்னும் அறிவியலார், தாம் கண்டுபிடித்த கொடிய கருவியைப் பயன்படுத்த மறுக்கிறார். பள்ளி மாணவியர் பாடும் அமைதி வேண்டும் பாட்டு அவர் மனத்தை மாற்றுகிறது. கடலடியில் விலங்கும் அவரும் ஒருங்கே மடிகின்றனர். வெற்றி முரசு ஒலிக்க வேண்டிய இடம் என்று எவரும் எண்ணுவர். இஃபுகுபே அங்கு எழுதியது ஓர் இரங்கற்பா. கொன்றவர்க்கும் கொல்லப்பட்டதற்கும் சேர்த்தே அவ்விசை இரங்குகிறது. ஏறத்தாழ 96 இலட்சம் மக்கள் அப்படத்தைக் கண்டனர். பொழுதுபோக்க வந்தவரைக் கண்கலங்கச் செய்து அனுப்பியதில் இசைக்குள்ள பங்கு சிறிதன்று.

அதே 1954ஆம் ஆண்டில்தான், அதே தோஹோ நிறுவனத்திலிருந்து, நண்பர் ஹயாசகா இசை அமைத்த ‘ஏழு சாமுராய்கள்’ வெளிவந்தது. சப்போரோவில் ஒருங்கே கனவு கண்ட இருவரில் ஒருவர் உலகம் போற்றும் காவியப் படத்துக்கும், மற்றவர் பூதப் படத்துக்கும் இசை தந்தனர். ஹயாசகா மறுஆண்டே 41ஆம் வயதில் மறைந்தார். இஃபுகுபே மேலும் அரை நூற்றாண்டு வாழ்ந்து, பெரும்பாலும் அறிஞர் கண்ணெடுத்தும் பாராத படங்களுக்கே எழுதினார்.

வாளும் பூதமும்

அதன்பின் படங்கள் அலையலையாக வந்தன. பறவைப் பூதத்தின் கதையாகிய ‘ரடோன்’ 1956இல். வேற்றுலகத்தார் படையெடுப்பைக் கூறும் ‘பூமிக் காவற்படை’ 1957இல். ‘கிங்காங் எதிர் கோஜிரா’ 1962இல். ‘மோத்ரா எதிர் கோஜிரா’ 1964இல். ‘பூதங்களின் பெரும்படை’ 1968இல். தாயேய் நிறுவனத்தின் ‘தாய்மஜின்’ வரிசையில், கொடுங்கோலரை அழிக்க எழும் கற்சிலைத் தெய்வத்தின் மூன்று படங்களும் 1966ஆம் ஓராண்டிலேயே வந்தன. மூன்றுக்கும் இசை அவரே. பார்வையற்ற வாள்வீரன் சாதோயிச்சியின் கதை 1962இல் தொடங்கியபோது முதற்படத்துக்கும், பின்னர் வந்த பல படங்களுக்கும் அவர் இசை தந்தார்.

இடையிடையே வேறுவகைப் படங்களும் உண்டு. இச்சிகாவா இயக்கிய ‘பர்மிய யாழ்’ 1956இல் வந்தது. போர் முடிந்த பின்னும் நாடு திரும்பாமல், இறந்தவரை அடக்கஞ் செய்யப் பர்மாவிலேயே துறவியாய்த் தங்கிவிடும் வீரனின் கதை அது. 1961இல் புத்தர் பெருமானின் வரலாற்றைக் கூறும் ‘ஷாக்கா’ வந்தது. இப்பொருளை அவர் விட்டுவிடாமல், 1989இல் புத்தரைப் பற்றிய பல்லிசைப் பெரும்பாடலாகவும் விரித்தெழுதினார். துறவியின் கதைக்கும் பூதத்தின் கதைக்கும் ஒரே கையின் தடம் இருப்பதைக் கேட்போர் உணரலாம்.

பூதப் படங்களில் அவர் கையாண்ட முறை எளிமையானது. ஒவ்வொரு பூதத்துக்கும் ஓர் இசையுருவை வகுத்துவிடுவார். கோஜிராவுக்குப் பித்தளைக் கருவிகளின் கனத்த அடித்தொனி. மோத்ராவுக்கு வழிபாட்டுப் பாட்டின் நெகிழ்ச்சி. கிங்காங் வாழும் தீவுக்குத் தோலிசையும் குழுப்பாட்டும். இரு பூதங்கள் மோதும்போது இரண்டு இசையுருக்களும் மோதும். திரையைக் காணாமல் செவியால் மட்டுமே கேட்பவரும் எது வென்றது, எது வீழ்ந்தது என்று சொல்லிவிடலாம்.

இதே வரிசையில் வேறு சில படங்களுக்கு இசை அமைத்த சதோ மசாருவை ஈண்டு ஒப்பிடுதல் தகும். சதோவும் பெருந்திறலாளர், குரோசாவாவின் ‘யோஜிம்போ’ அவர் புகழுக்குச் சான்று. அவருடைய கோஜிரா இசை துள்ளும், சிரிக்கும், ஜாஸ் நடையில் விளையாடும். சதோவின் இசையில் பூதம் ஒரு வேடிக்கை. இஃபுகுபேயின் இசையில் பூதம் ஓர் இயற்கைச் சக்தி. சிறுவருக்கென்றே படங்கள் எளிமையாக்கப்பட்ட காலத்திலும், ரப்பர் ஆடை அணிந்த நடிகர் பொம்மை வீடுகளை மிதிக்கும் காட்சிக்குக்கூட, மலை நடந்து வருவது போன்ற இசையையே இஃபுகுபே எழுதினார். திரையில் தெரிந்த பொய்யை அவர் இசை மெய்யாக்கியது.

குறையும் நிறையும்

இஃபுகுபேமீது திறனாய்வாளர் சுமத்தும் பெருங்குற்றம், அவர் தம்மையே மீண்டும் மீண்டும் எழுதினார் என்பது. குற்றச்சாட்டில் உண்மை உண்டு. அரங்கிசையில் உள்ளது திரையில் வரும். ஒரு படத்தில் உள்ளது மறுபடத்தில் வரும். நடையிசைகள் பல உடன்பிறந்தார் போல் ஒத்திருக்கும். ஓராண்டில் பல படங்களுக்கு எழுதும் மனிதர் நேரமின்மையால் பழையதை எடுத்தாண்ட இடங்களும் இருந்திருக்கவே வேண்டும்.

ஆனால் இரண்டு வகை மீட்டுரைப்புகளைப் பிரித்தறிய வேண்டும். ஒரு படைப்புக்குள்ளேயே ஒரு சிறு தொடரை விடாது அடுக்கி உணர்ச்சியை ஏற்றுவது ஒருவகை. மேனாட்டார் இதனை ஆஸ்டினாட்டோ என்பர். இஃபுகுபே இதனைக் கற்றது மேனாட்டாரிடமிருந்து மட்டும் அன்று. ஒத்தோஃபுகேயின் ஐனுப் பாடகரிடமிருந்தும் கற்றார். இது வறுமையின் அடையாளம் ஆகாது. தாலாட்டும் உழவர் பாட்டும் கோயில் மந்திரமும் இவ்வாறே இயங்குகின்றன. ஒரு படைப்பிலிருந்து மற்றொரு படைப்புக்குக் கருவைக் கொண்டு செல்வது இரண்டாம் வகை. இதில்தான் நன்மையும் தீமையும் கலந்துள்ளன.

நன்மைக்கு எடுத்துக்காட்டு, ‘ஹிரோஷிமா’வின் இரங்கலிசை ‘கோஜிரா’வில் வந்தது. தீமைக்கு எடுத்துக்காட்டாகப் போர்க்கால நடையிசையைக் கூறலாம். கடற்படைக்காக 1943இல் எழுதியதன் ஒரு பகுதி, 1954இல் கோஜிராவைத் தாக்கச் செல்லும் போர்க்கப்பல்களின் காட்சியில் கேட்கிறது. அங்கு அது பொருத்தமே. ஏனெனில் கப்பல்கள் வீசும் வெடிகள் பயனற்றுப் போகின்றன. வீராப்பாகப் புறப்பட்ட இசை வெறுங்கையோடு திரும்புகிறது. போரின் செருக்கைக் கண்டு நகைக்கும் குறிப்பாக அதனைக் கொள்ளலாம். ஆயின் 1965இல் வந்த ‘பூதப் பெரும்போர்’ என்னும் படத்தில் அதே நடையிசை விரிவுபெற்று, வேற்றுலகத்தாரை மனிதர் வெல்லும் காட்சிக்கு முழக்கமாகிறது. அங்கு நகைப்பில்லை, ஐயமில்லை. படையெழுச்சியின் கிளர்ச்சி மட்டுமே உள்ளது. அந்த நடையிசை இரசிகர்க்கு மிகவும் விருப்பமானது, கேட்போரைக் கவர்வது. எனினும், அணுகுண்டின் கொடுமைக்கு இரங்கிய அதே கலைஞரின் கையிலிருந்து அது வந்தமையால், கொள்கையைப் பழக்கம் வென்ற இடமாகவே அதனைக் கருத வேண்டியுள்ளது. எல்லாப் படத்துக்கும் ஒரே இசை எழுதுபவர், எந்தப் படத்தில் எது தகும் என்னும் தேர்வில் ஓயாது விழித்திருக்க வேண்டும். அவ்விழிப்புச் சிலபோது தளர்ந்தது.

மீட்டுரைப்பின் மற்றொரு விளைவும் குறிப்பிடத்தக்கது. 1954இல் அந்த மூன்று சுரங்கள் பூதத்தை எதிர்க்கும் மனிதரின் இசையாகவே பயன்பட்டன. காலப்போக்கில் மக்கள் செவி அவற்றைப் பூதத்தின் பெயரோடு பிணைத்துவிட்டது. 1975இல் வந்த ‘மெக்காகோஜிராவின் எதிர்த்தாக்குதல்’ என்னும் படத்தில் இஃபுகுபே மக்களின் தீர்ப்புக்கு உடன்பட்டு, அவ்விசையைக் கோஜிராவுக்கே உரியதாக்கினார். படைத்தவன் கருதிய பொருளைக் கேட்டவர் மாற்றிவிடுவதும், படைத்தவன் அதனை ஏற்றுக்கொள்வதும் நாட்டுப்பாடல்களில் நிகழும் நிகழ்ச்சி. ஏட்டிசை எழுதிய ஒருவருக்கு அது வாய்த்தது அரிது.

முதுமையும் புகழும்

1970களில் ஜப்பானியத் திரைத்தொழில் நலிந்தது. இஃபுகுபே 1974இல் டோக்கியோ இசைக் கல்லூரியின் பேராசிரியராகவும், 1976இல் அதன் தலைவராகவும் ஆனார். திரையை விட்டு அரங்கிற்கும் கல்விக்கும் திரும்பிய அவரை, பூதங்கள் விடவில்லை. சிறுவயதில் அப்படங்களைக் கண்டு வளர்ந்த தலைமுறை அவ்விசையை அரங்கில் கேட்க விரும்பியது. 1983இல் அவர் தம் பூதப் பட இசைகளைக் கோத்து மூன்று பல்லிசைக் கற்பனைகளாக அமைத்தார். திரையரங்கிலிருந்து இசையரங்குக்கு அவை சென்றபோது, அவற்றில் ஒன்றையும் உயர்த்திக் காட்ட வேண்டிய தேவை ஏற்படவில்லை. முதலிலிருந்தே அவை அரங்கிற்கு ஏற்றவையாக இருந்தன.

1991, 1992, 1993 ஆகிய ஆண்டுகளில் வந்த கோஜிராப் படங்களுக்கு மீண்டும் இசை அமைத்தார். 1995இல் கோஜிரா இறப்பதாகக் கதை கூறும் ‘கோஜிரா எதிர் தெஸ்தொரோயா’ என்னும் படத்துக்கு இசை தந்தபோது அவருக்கு வயது 81. பிறந்தபோது முழக்கம் தந்தவரே இறந்தபோது இரங்கலும் பாடினார். அவ்விரங்கல் 1954இன் கடலடி இசையோடு வைத்துக் கேட்கத்தக்கது. 41 ஆண்டு இடைவெளியிலும் கலைஞரின் நெஞ்சம் மாறவில்லை. 2003இல் ஜப்பானிய அரசு அவரைப் பண்பாட்டுச் சிறப்பாளராகப் போற்றியது. 2006ஆம் ஆண்டு பெப்ரவரி 8ஆம் நாள், 91ஆம் வயதில் அவர் மறைந்தார். மறைந்து பத்தாண்டு கழித்து, 2016இல் வந்த ‘ஷின் கோஜிரா’ படத்தில் அவருடைய பழைய ஒலிப்பதிவுகளையே எடுத்துப் பயன்படுத்தினர். 2023இல் வந்த ‘கோஜிரா மைனஸ் ஒன்’ படத்திலும் அவருடைய இசைக்கருக்கள் ஒலித்தன. புதிய கருவிகளும் புதிய நுட்பங்களும் பெருகிய காலத்திலும், அம்மூன்று சுரங்களுக்கு மாற்று எவராலும் காணப்படவில்லை.

முடிவாக ஒன்று கூறலாம். பொருளின் உயர்வால் கலை உயர்வதும் இல்லை. பொருளின் எளிமையால் கலை தாழ்வதும் இல்லை. எளிய பொருள் என்று கலைஞன் கைசோர்ந்து எழுதும்போதே கலை தாழ்கிறது. இஃபுகுபே சில இடங்களில் பழக்கத்துக்கு அடிமையானார். ஆயின் எவ்விடத்தும் கேட்பவரை எளியவர் என்று எண்ணி எளிதான இசையைத் தந்தாரில்லை. சிறுவர்க்குப் பாடமும் பாட்டும் எழுதுவோர்க்கும், வகுப்பறையில் நின்று சொல்வோர்க்கும் இவ்வாழ்வில் ஒரு செய்தி உண்டு. கேட்பவன் சிறுவன் என்பதால் சொல்லின் தரம் குறைய வேண்டியதில்லை. பனிமலையடியில் ஐனு மூதாட்டியர் பாட்டைக் கேட்டு நின்ற ஒரு சிறுவன், அப்பாட்டை வாழ்நாள் முழுதும் சுமந்து, கோடிக்கணக்கான வேறு சிறுவர்களின் நெஞ்சில் இறக்கிவைத்தான் என்பதே இஃபுகுபே அகிராவின் வரலாறு.